பஞ்ச சயனமும் போடி மெத்தையும்

ஆண்டாளின் திருப்பாவையில் பத்தொன்பதாம் பாசுரத்தில் 'பஞ்ச சயனம்' என்றொரு சொல் வருகிறது. கண்ணன் துயிலும் படுக்கையை அது குறிக்கிறது. இச்சொல்லுக்கு உரைகாரர்கள் ஒன்றுக்கு மேற்பட்ட வகையில் பொருள் கண்டிருக்கிறார்கள். அழகு, குளிர்ச்சி, மென்மை, நறுமணம், வெண்மை ஆகிய ஐந்து குணங்களைக் கொண்ட படுக்கை என்பது ஒரு விளக்கம். ஐந்து வகைப் பொருள்களால் ஆன படுக்கை என்பது இன்னொரு விளக்கம். அந்தப் பொருள்கள் எவையெவை என்பதில் பட்டியலுக்குப் பட்டியல் வேறுபாடு உண்டு.

முதல் விளக்கம், படுத்தால் எப்படி இருக்கும் என்ற கேள்விக்கு விடை சொல்கிறது. இரண்டாவது, உள்ளே என்ன இருக்கிறது என்ற கேள்விக்கு. இன்று ஆய்வகங்களில் மெத்தையையும் பஞ்சடைத்த போர்வையையும் சோதிப்பவர்கள் கேட்பவையும் இவ்விரண்டு கேள்விகளே. அவற்றோடு மூன்றாவதாக ஒன்றையும் சேர்த்துக்கொள்கிறார்கள்: எத்தனை காலம் தாங்கும்? பள்ளிகொண்ட பெருமாளின் படுக்கையைப் பற்றி அந்தக் கேள்வியை எழுப்ப வேண்டிய தேவை உரைகாரர்களுக்கு ஏற்படவில்லை. காசு கொடுத்து மெத்தை வாங்கும் நமக்கு அது முக்கியமானது.

இந்த மூன்று கேள்விகளையும் வைத்துக்கொண்டு தேனி மாவட்டத்துப் போடிநாயக்கனூரின் இலவம்பஞ்சு மெத்தையை அணுகிப் பார்க்கலாம் என்று தோன்றியது. தமிழ்நாட்டில் 'போடி இலவம்பஞ்சு' என்று சொன்னாலே அது தரத்துக்கான சான்றாகக் கொள்ளப்படுகிறது. அந்தச் சான்றை யார் தருகிறார்கள், எதைக்கொண்டு தருகிறார்கள் என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

*

குழப்பம் பெயரிலேயே தொடங்கிவிடுகிறது. சங்கப் பாடல்களில் இலவமரம் செந்நிறப் பூக்களோடு வருகிறது. தண்டில் முள் செறிந்த, இந்நாட்டுக் காடுகளுக்கு உரிய அந்த மரத்தைத் தாவரவியலார் 'பாம்பாக்ஸ் சீபா' என்கிறார்கள். முள்ளிலவு, செவ்விலவு என்றும் அதற்குப் பெயருண்டு. பழம் பழுக்கும் என்று காத்திருந்த கிளி, நெற்று வெடித்துப் பஞ்சாய்ப் பறக்கக் கண்டு ஏமாந்த கதை பழமொழியாகியிருக்கிறது. இன்று மெத்தைக்குள் போகும் பஞ்சு பெரும்பாலும் வேறொரு மரத்திலிருந்து வருவது. 'சீபா பென்டாண்ட்ரா' என்னும் அம்மரம் வெப்பமண்டல அமெரிக்காவைத் தாயகமாகக் கொண்டது. அதன் பூக்கள் வெளிறிய நிறத்தவை. இரவில் மலர்ந்து வௌவால்களை வரவழைப்பவை. தமிழ் இரண்டையும் இலவம் என்றே அழைத்துக்கொண்டது. ஆங்கிலமும் இரண்டையும் பட்டுப்பஞ்சு மரம் என்றே சொல்லிவந்தது.

சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் ஐரோப்பியச் சந்தைக்கு இந்தக் குழப்பம் பணப் பிரச்சினையாக மாறியது. டச்சுக்காரர்களின் ஆட்சியிலிருந்த ஜாவாவிலிருந்து வந்த பஞ்சுக்கு மலாய்ச் சொல்லான 'கபோக்' என்ற பெயர் நிலைத்தது. இந்தியாவிலிருந்து சென்ற செவ்விலவின் பஞ்சும் அதே பெயரில் விற்கப்பட்டது. வணிகர்கள் 'ஜாவா கபோக்', 'இந்திய கபோக்' என்று பிரித்துப் பேசத் தொடங்கினார்கள். முன்னது உயர்ந்ததாகவும் பின்னது தாழ்ந்ததாகவும் கருதப்பட்டது. இந்த வேறுபாடு முக்கியமானதற்குக் காரணம் மெத்தை மட்டுமன்று; கபோக் பஞ்சு கப்பல்களின் உயிர்காப்பு உடைகளுக்குள்ளும் அடைக்கப்பட்டது.

இலவம்பஞ்சின் இழை ஒரு நுண்ணிய குழல். அதன் பருமனில் 80 விழுக்காட்டுக்கு மேல் வெறும் காற்றுதான். மேற்புறத்தில் மெழுகுப் பூச்சு இருப்பதால் நீர் எளிதில் உட்புகுவதில்லை. தன் எடையைப்போல் ஏறத்தாழ 30 மடங்கு எடையை அது நீரில் தாங்கும். 1942இல் ஜாவா ஜப்பானியர் வசமானதும் அமெரிக்காவுக்கு இப்பஞ்சு கிடைக்காமல் போயிற்று. மாற்றாக எருக்கின் உறவான ஒரு பால்செடியின் காய்களைப் பள்ளிப் பிள்ளைகளைக் கொண்டு சேகரிக்கும் இயக்கம் அங்கே நடந்தது. உள்ளே அடைத்த பஞ்சு சொன்ன பஞ்சுதானா என்ற கேள்வி மாலுமிக்கு உயிர்ப் பிரச்சினை. உறங்குபவனுக்கு அவ்வளவு அவசரமில்லை. மெத்தையின் தரச்சோதனை அலட்சியமாகவே இருந்துவருவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

*

1895இல் முல்லைப் பெரியாற்றின் நீர் கிழக்கே திரும்பியபின் கம்பம் பள்ளத்தாக்கின் வயல்கள் நெல்லுக்கும் பிற்பாடு திராட்சைக்கும் போயின. நீர் ஏறாத மேட்டு நிலங்களும் மலையடிவாரங்களும் வேறு பயிர்களைத் தேடின. இலவு அப்படிப்பட்ட நிலத்துக்குரிய மரம். போடிக்கு மேற்கேயும் வடமேற்கேயும் குரங்கணி, முந்தல் பக்கத்து மலைச்சரிவுகளில் மாவோடும் பிற மரங்களோடும் கலந்து நிற்கிறது. இலையுதிர்ந்த கிளைகளில் காய்கள் தொங்கும். கோடையில் அவை முற்றி நெற்றாகும். மரத்திலேயே வெடிக்கவிட்டால் காற்று கொண்டுபோய்விடும். எனவே முன்கூட்டியே பறித்து, வெயிலில் காயவைத்து, ஓட்டை உடைத்துப் பஞ்சை எடுக்கிறார்கள்.

இங்கே பருத்திக்கும் இலவுக்கும் உள்ள ஓர் அடிப்படை வேற்றுமையைச் சொல்ல வேண்டும். பருத்தியின் இழை விதையிலிருந்து முளைப்பது. அதைப் பிரிக்க அரவை எந்திரம் வேண்டும். இலவின் இழை காயின் உட்சுவரிலிருந்து முளைப்பது. விதை அதில் ஒட்டியிருப்பதில்லை. உலர்ந்த பஞ்சைக் கிளறி உதறினாலே விதை கீழே தங்கிவிடும். ஆகவே இத்தொழில் பெரிய ஆலை இல்லாமலே, கோலும் கையுமாக நடக்கக்கூடியதாக இருந்தது. இழை குட்டையானது, வழவழப்பானது, எளிதில் ஒடிவது என்பதால் தனித்து நூலாகத் திரிக்க உதவாது. அதற்கு ஏற்ற இடம் தலையணையும் மெத்தையுமே. எடையில் சிறியது, இடத்தை அடைப்பதில் பெரியது. இத்தகைய சரக்கை உதிரியாக வெகுதூரம் அனுப்புவதைவிட விளைந்த ஊரிலேயே மெத்தையாகத் தைத்துவிடுவது லாபம். போடியில் மெத்தைத் தொழில் வேரூன்றியதற்கு இதில் ஒரு நியாயம் இருக்கிறது.

ஆயத்த மெத்தை பரவுவதற்கு முன்னால் மெத்தை என்பது வீட்டு வாசலில் உருவானது. பஞ்சு கொட்டுபவர் வில்லோடு வருவார். துணியும் பஞ்சும் வீட்டுக்காரர் வாங்கி வைத்திருப்பார்கள், அல்லது அவரே கொண்டுவருவார். திண்ணையில் பஞ்சை நிறுத்து, எல்லோரும் பார்க்க உறைக்குள் திணித்து, நீண்ட ஊசியால் தைத்துக் கொடுப்பார். வீட்டுக் கிழவி ஒருத்தி அருகில் அமர்ந்து பஞ்சைப் பிடி பிடியாக எடுத்துப் பார்ப்பாள். விதை நெருடுகிறதா, ஓட்டுத்துண்டு கிடக்கிறதா, நிறம் மங்கியிருக்கிறதா, பிடித்து விட்டால் மீண்டும் பொங்குகிறதா என்று அவள் பார்த்தவை நான்கு சோதனைகள். சந்தேகம் வந்தால் ஒரு கொத்தைத் தண்ணீர்ச் செம்பில் போடுவார்கள். மிதந்தால் இலவம் என்பது முடிவு.

தண்ணீர்ச் சோதனை முழுமையானதன்று. வெளுத்த பருத்தி நொடிகளில் நீரை உறிஞ்சி அமிழும். வெளுக்காத பருத்தியிலோ இயற்கையான மெழுகு இருப்பதால் அதுவும் சிறிது நேரம் மிதக்கும். செயற்கை இழையும் மிதந்து ஏமாற்றலாம். எனினும் அந்தத் திண்ணையில் ஒரு பெரிய பாதுகாப்பு இருந்தது. உறை திறந்திருந்தது. கண் பார்த்துக்கொண்டிருக்கும்போதே பஞ்சு உள்ளே சென்றது. ஆயத்த மெத்தை வந்தபோது நாம் இழந்தது இந்தத் திறந்த உறையைத்தான். தைத்து மூடிய மெத்தையின் முன் அந்தக் கிழவியின் விரல்களுக்கு வேலையில்லை. அவளுடைய இடத்தில் ஒரு சிறு காகிதச் சீட்டு வந்து அமர்ந்தது.

*

மூடிய உறைக்குள் கழிவைத் திணிப்பது போடியில் பிறந்த தந்திரமன்று. தொழிற்புரட்சி கண்ட நாடுகள் எல்லாம் இதைச் சந்தித்திருக்கின்றன. இங்கிலாந்தில் பழைய கந்தல்களைக் கிழித்துத் துகளாக்கி மெத்தைகளில் அடைக்கும் தொழில் பெருகியிருந்தது. கழுவாத கந்தலில் உடல் அழுக்கு இருக்கும். 1911இல் அந்நாட்டு நாடாளுமன்றம் கந்தல் பஞ்சுச் சட்டத்தை இயற்றியது. அடுத்த ஆண்டு வந்த விதிகள் ஒரு வேடிக்கையான அளவுகோலைத் தேர்ந்துகொண்டன: பஞ்சை நீரில் அலசிக் குளோரினை அளப்பது. 1,00,000 பங்குப் பஞ்சில் 30 பங்குக்கு மேல் குளோரின் இருக்கக்கூடாது. வியர்வையிலும் சிறுநீரிலும் உப்பு உண்டு. அந்த உப்பில் குளோரைடு உண்டு. அழுக்கைக் கண்ணால் காண முடியாத இடத்தில் உப்பைச் சாட்சிக்கு அழைத்தார்கள்.

அமெரிக்காவில் இதே பிரச்சினை உச்ச நீதிமன்றம் வரை சென்றது. பென்சில்வேனியா மாநிலம் 1923இல் ஒரு சட்டம் கொண்டுவந்தது. கிழித்து மீட்ட பழந்துணிப் பஞ்சைப் போர்வைகளிலும் மெத்தைகளிலும் அடைக்கவே கூடாது, கிருமி நீக்கினாலும் கூடாது என்றது. போர்வை தயாரிக்கும் பால்மர் சகோதரர்கள் நிறுவனம் வழக்குத் தொடுத்தது. 1926இல் நீதிபதி பட்லர் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பு சட்டத்தை ரத்து செய்தது. கிருமி நீக்கமும், உள்ளிருப்பதைச் சொல்லும் சீட்டும், ஆய்வாளர் பார்வையும் போதுமானவை; ஒரேயடியாகத் தடை செய்வது அத்துமீறல் என்பது அதன் சாரம். நீதிபதி ஹோம்ஸ் மாறுபட்டார். பிராண்டைஸும் ஸ்டோனும் அவரோடு நின்றார்கள். சட்டமியற்றுவோர் ஆபத்து பெரிதென்று கருதித் தடுத்தால் அதில் நீதிமன்றம் குறுக்கிடக் கூடாது என்பது அவர்கள் கருத்து. பொருளைத் தடுப்பதா, பெயரைச் சரியாக எழுத வைப்பதா என்ற விவாதத்தில் அன்று வென்றது சீட்டு. சீட்டு வெல்ல வேண்டுமானால் அதைச் சரிபார்க்க ஒருவர் இருக்க வேண்டும் என்பது அத்தீர்ப்பிலேயே அடங்கியிருக்கிறது.

உள்ளே என்ன என்ற கேள்வி இப்படிச் சட்டத்தின் கைக்குப் போனபோது, எப்படி இருக்கும் என்ற கேள்வி விஞ்ஞானிகளின் கைக்குப் போயிற்று. மான்செஸ்டரில் பருத்தி ஆராய்ச்சிக்காக அமைந்த ஷெர்லி நிலையத்தில் பியர்ஸ், ரீஸ் என்ற இருவர் 1946இல் 'டாக்' என்ற அலகை முன்வைத்தார்கள். ஒரு சதுர மீட்டர் பரப்பின் வழியே 10 வாட் வெப்பம் கடக்கும்போது துணியின் இருபுறமும் ஒரு டிகிரி செல்சியஸ் வேறுபாடு இருந்தால் அது ஒரு டாக். 1960களில் பஞ்சடைத்த ஐரோப்பியப் போர்வை பிரிட்டிஷ் வீடுகளுக்குள் நுழைந்து பரவியபோது இந்த எண் சீட்டில் ஏறியது. 4.5 என்றால் கோடைக்கு, 13.5 என்றால் கடுங்குளிருக்கு என்று கடைக்குப் போகும் எவரும் சொல்வார்கள். இறகு அடைத்த போர்வையானால் மாதிரியை எடுத்துச் சாமணத்தால் மென்தூவி ஒருபுறம், இறகு ஒருபுறமாகப் பிரித்து நிறுக்கிறார்கள். குறிப்பிட்ட எடைத் தூவியை ஓர் உருளைக்குள் போட்டு, மேலே சிறு பளுத்தட்டை வைத்து, எவ்வளவு உயரம் பொங்கி நிற்கிறது என்று அளக்கிறார்கள். மெத்தையின் ஆயுளை அறிய ஐரோப்பியத் தரவிதிப்படி 1,400 நியூட்டன் விசையுள்ள, அதாவது சுமார் 140 கிலோ எடைக்குச் சமமான உருளையை அதன்மேல் 30,000 முறை உருட்டிப் பள்ளத்தை அளக்கிறார்கள்.

திண்ணைக் கிழவி பஞ்சைப் பிடித்து விட்டுப் பார்த்ததும் உருளைக்குள் பொங்கும் உயரத்தை அளப்பதும் ஒரே சோதனைதான். இரண்டாவதில் கிடைக்கும் விடை ஓர் எண். அதை எழுதி வைக்கலாம், மற்றவரிடம் சொல்லலாம், நீதிமன்றத்தில் காட்டலாம்.

*

இலவம் மெத்தைக்கு இந்த மூன்று கேள்விகளையும் கேட்டால் என்ன விடை வரும்? முதலில் சுகம். இலவம்பஞ்சு உடற்சூட்டைத் தணிக்கும் என்பது விற்பவர், வாங்குபவர் இருவரும் நம்பும் வாக்கியம். இயற்பியல்படி இலவம்பஞ்சு வெப்பத்தைத் தடுத்து நிறுத்தும் பொருள்; குழலுக்குள் அடைபட்ட காற்று வெப்பத்தை எளிதில் கடத்தாது. அது உடலிலிருந்து சூட்டை இழுத்துக்கொள்கிறது என்பதற்கு இடமில்லை. ஆனால் ரசாயன நுரை மெத்தையோடு ஒப்பிட்டால் தளர்வான இழைக்குவியலுக்குள் காற்றும் வியர்வையின் ஆவியும் நடமாட வழி அதிகம். கம்பத்தின் சித்திரை இரவில் ஒருவர் உணரும் குளிர்ச்சி அந்த நடமாட்டத்தின் பயன் என்று கொள்ளலாம். உரைகாரர்களின் ஐந்து குணங்களில் குளிர்ச்சி இரண்டாவதாக வருவது நம் நிலத்தின் தட்பவெப்பத்தை அறிந்தவர்களின் வரிசை. மேனாட்டு டாக் எண் எவ்வளவு கதகதப்பு என்று சொல்கிறது. நமக்கு வேண்டிய எண் அதன் மறுபுறத்தில் இருக்கிறது.

அடுத்து ஆயுள். இங்கே உண்மையைச் சொல்லிவிட வேண்டும். இலவின் இழை ஒடியக்கூடியது. ஆண்டுகள் செல்லச் செல்ல நொறுங்கித் தூளாகும், கட்டி தட்டும். பருத்தி மெத்தையைப் பிரித்து மறுபடி கொட்டித் தைப்பதுபோல் இதைப் பலமுறை அடிக்க முடியாது. வெயிலில் காயவைத்தால் பொங்கும், அவ்வளவே. நல்ல இலவம் மெத்தையை விற்பவர் இதையும் சொல்லித்தான் விற்க வேண்டும்.

மூன்றாவது, உள்ளே என்ன. ஆய்வகத்தில் இது கடினமான கேள்வியே இல்லை. நுண்ணோக்கியில் பருத்தி முறுக்கிய நாடாவாகத் தெரியும். இலவம் மெல்லிய சுவருள்ள குழலாக, உள்ளே காற்றுக்குமிழியோடு தெரியும். துத்தநாகக் குளோரைடு சேர்ந்த அயோடின் கரைசலில் பருத்தி ஊதாவாகும், இலவம் மஞ்சளாகும். இலவில் மரத்தன்மை தரும் லிக்னின் இருப்பதே காரணம். பாலியஸ்டர் இழையைத் தீயில் காட்டினால் உருகி மணியாகத் திரளும். மும்பையில் 1924 முதலும் கோயம்புத்தூரில் 1956 முதலும் ஜவுளி இழைகளை ஆராயும் நிறுவனங்கள் நம் நாட்டில் இருக்கின்றன. அறிவுக்குப் பஞ்சமில்லை. மெத்தையிலிருந்து அந்த அறிவுக்குப் போகும் பாதைதான் இல்லை.

இதை உறைக்க வைப்பது போடியின் இன்னொரு சரக்கு. அதே ஊரில் நறுமணப் பொருள் வாரியத்தின் ஏலக்காய் மின்னணு ஏலம் நடக்கிறது. ஏலக்காய்க்கு எண்ணால் பேசும் மொழி உண்டு. அக்மார்க் தரத்தில் முதல் நிலைக் காய் 7 மில்லிமீட்டருக்குக் குறையாமலும், ஒரு லிட்டர் கொள்ளளவில் 435 கிராமுக்குக் குறையாமலும் இருக்க வேண்டும். அடுத்த நிலைக்கு 6 மில்லிமீட்டர், 415 கிராம். மாதிரியைக் கையில் எடுத்துப் பார்த்த பிறகே வியாபாரி விலை கேட்கிறார். ஏலக்காய்க்கு ஒரு லிட்டரில் எடை கூடினால் தரம் கூடும். இலவம்பஞ்சுக்கு அதே லிட்டரில் எடை குறைந்தால் தரம் கூடும். ஆனால் மெத்தை விற்கப்படுவது கிலோ கணக்கில். கனமான, மலிவான ஆலைக் கழிவுப் பஞ்சைக் கலப்பவருக்கு இதனால் இரட்டை லாபம். சுத்தமாக விதை நீக்கித் தருபவருக்கு எடையிலும் இழப்பு, கூலியிலும் இழப்பு. வாங்குபவரால் தரத்தைப் பிரித்தறிய முடியாத சந்தையில் நல்ல சரக்கே வெளியேறும் என்று பழைய கார் விற்பனையை வைத்து ஜார்ஜ் அக்கர்லாஃப் 1970இல் எழுதியது மெத்தைக்கும் பொருந்தும். இழப்பின் கடைசிக் கண்ணி மலையடிவாரத்தில் இருக்கிறது. கழிவுப் பஞ்சே இலவத்தின் பெயரில் விலைபோகுமானால், இலவமரத்தை வெட்டாமல் வைத்திருக்க விவசாயிக்கு என்ன காரணம் மிஞ்சும்?

சட்டம் முற்றிலும் மௌனமாக இல்லை. துணியில் இழையின் கலப்பு விகிதத்தைப் பொறிக்க வேண்டும் என்ற விதிகள் 1988 முதல் உண்டு. பொட்டலமிட்ட சரக்கில் தயாரிப்பாளர் பெயர், அளவு, விலை எழுத வேண்டும் என்று 2011ஆம் ஆண்டு விதிகள் சொல்கின்றன. 1986ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டமும் அதன் இடத்தில் வந்த 2019ஆம் ஆண்டுச் சட்டமும் ஒரு நல்ல வழியைத் திறந்து வைத்திருக்கின்றன. சோதித்தால்தான் குறை தெரியும் என்ற நிலையில், மாதிரியை முத்திரையிட்டு ஆய்வகத்துக்கு அனுப்பி 45 நாளில் அறிக்கை பெற ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. ஒரு தலையணைக்காக யார் அவ்வளவு தூரம் போவார்கள் என்பதே கேள்வி. கம்பம் பன்னீர்த் திராட்சை 2023இல் புவிசார் குறியீடு பெற்றது. அத்தகைய குறியீடு விளைந்த இடத்துக்குச் சாட்சி சொல்லும். உறைக்குள் கலந்ததற்கு வேறு சாட்சி வேண்டும்.

அதற்குப் பெரிய ஆய்வகம் தேவையில்லை. ஒரு கண்ணாடி உருளை, ஒரு தராசு, ஒரு பளுத்தட்டு, ஒரு நுண்ணோக்கி. ஏலக்காயை லிட்டரில் அளக்கத் தெரிந்த ஊருக்கு இது புதிய வித்தையன்று. மெத்தை தைப்பவர்கள் தாங்களே கூடி, பொங்கும் உயரத்தையும் விதை, தூசி விகிதத்தையும் அளந்து சீட்டில் எழுதலாம். உறையின் ஓரத்தில் ஒரு சாண் நீளத்துக்குத் தையலை விட்டு இழுப்பான் வைத்தால், வாங்குபவர் கைவிட்டுப் பார்த்துக்கொள்ள முடியும்.

சோதனையைப் பற்றிப் பேசுகையில் ஒரு பட்டியலிலும் இல்லாத ஒருவரையும் சொல்ல வேண்டும். பஞ்சைக் கிளறி விதை நீக்குவது பெரும்பாலும் பெண்களின் வேலை. முகத்தில் சேலைத் தலைப்பைச் சுற்றிக்கொண்டு, காற்று வீசினால் பஞ்சு பறக்கும் என்பதால் அடைத்த கொட்டகைக்குள் அமர்ந்து செய்யும் வேலை. இலங்கையில் இலவம்பஞ்சுத் தொழிலாளரின் உடல்நிலையை மருத்துவர் உறகொட ஆராய்ந்து 1977இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழொன்றில் வெளியிட்டார். போடி மெத்தையின் சீட்டில் என்றேனும் மூன்று எண்கள் அச்சாகுமானால், அந்தக் கொட்டகையின் தூசி அளவை நான்காவதாகச் சேர்க்க வேண்டும் என்று கேட்பேன். சுகத்தை அளக்கத் தொடங்கினால் அதை முதலில் அளக்க வேண்டிய இடம் அதுதான்.